சுகுமாரி அம்மா நம்ம நாகர்கோவில்ல பிறந்தவங்கன்னு எத்தன பேருக்குத் தெரியும்?

வடசேரி_வாசகன்

மக்கா எல்லாருக்கும் வணக்கம். போன வாரம் டிவில பட்டிக்காடா பட்டணமா ஓடிச்சு. அதுல ஜெயலலிதாவுக்கு அம்மாவா ஒரு பணக்காரி வருவால்லா, மாப்பிள்ளைய பாத்தாலே மூஞ்சிய சுளிச்சுக்கிட்டு, கிராமத்து ஆளுன்னா ஒரு இளக்காரம், நடக்கதுலயே ஒரு திமிரு. யாருலே இதுன்னு கேட்டப்போ எங்க அம்மை சொன்னாவ அது சுகுமாரி, நம்ம நாகர்கோவில்ல பிறந்தவளாக்கும்னு. எனக்கு நம்பவே முடியல. நான் இத்தன நாளும் அவங்கள முழுக்க மலையாள நடிகைன்னே நெனச்சுக்கிட்டு இருந்தேன்.

கலைவாணர் ஒழுகினசேரிக்காரர்னு நம்ம ஊர்ல சின்னப் பிள்ளைக்கும் தெரியும். ஆனா இவங்கள பத்தி யாரும் பேசி நான் கேட்டதே இல்ல. தேடுனா 2,500 படத்துக்கு மேலன்னு பத்திரிகைல எல்லாம் போட்டுருக்கான். ஹீரோயினா பேர் வாங்காம, பாட்டு சீன் இல்லாம, போஸ்டர்ல முகம் வராம ஒருத்தங்க 60 வருஷம் எப்படி இந்த ஃபீல்டுல நின்னாங்க? எப்ப ஆரம்பிச்சாங்க, எதுக்கு அம்மா வேஷத்துலயே போனாங்க, எந்தப் படத்துல இருந்து பாக்க ஆரம்பிக்கலாம்? தெரிஞ்சவங்க கொஞ்சம் விரிவா சொல்லுங்க. சும்மா லிங்க் போட்டுட்டுப் போகாதீங்க.

தக்கலை_டீச்சர்

உங்க அம்மா சொன்னது சரிதான் தம்பி. 1940 அக்டோபர் 6ல நாகர்கோவில்ல பிறந்தாங்க. அப்போ நம்ம ஊரு திருவிதாங்கூர் ராஜ்ஜியத்துல இருந்துச்சு. லலிதா, பத்மினி, ராகினின்னு திருவிதாங்கூர் சகோதரிகள் இருந்தாங்கல்லா, அவங்களுக்கு இவங்க கசின். பல பேரு பத்மினிக்குத் தங்கச்சின்னு எழுதுறாங்க, அது தப்பு. திருவனந்தபுரம் பூஜப்புரையில கொஞ்ச காலம் படிச்சுட்டு பிறகு மெட்ராஸ் போயிட்டாங்க. 1951ல ஓர் இரவுன்னு ஒரு படம் வந்துச்சு, அண்ணா எழுதுன கதை, ப. நீலகண்டன் டைரக்ஷன், அதுலதான் முதல்ல முகம் காட்டுனது, பத்து வயசுப் பிள்ளை.

அந்தக் குடும்பத்துல டான்ஸ்தான் எல்லாத்துக்கும் முதல். இவங்களும் அந்த சகோதரிகளோட ட்ரூப்ல ஆடி வளந்தவங்க. சினிமாலயும் முதல்ல டான்ஸ், சின்னச் சின்ன வேஷம்னுதான் வந்தாங்க. பிறகு டைரக்டர் ஏ. பீம்சிங்க கல்யாணம் பண்ணுனாங்க. பாவமன்னிப்பு, பாசமலர், பாலும் பழமும் மூணையும் 1961ங்கிற ஒரே வருஷத்துல குடுத்த மனுஷன் அவரு. 1978ல அவரு இறந்தப்போ இவங்களுக்கு 37 வயசுதான். அந்த வயசுல ஒரு பொம்பளை புருஷன் இல்லாம பிள்ளையையும் வளத்துக்கிட்டு சினிமால நின்னுருக்கான்னா அது லேசுப்பட்ட காரியம் இல்ல. நான் இவங்கள மதிக்கிறதுல முதல் காரணம் நடிப்பு கூட இல்ல, இதுதான்.

இன்னொண்ணு கவனிச்சீங்களா, நீங்க பாத்த பட்டிக்காடா பட்டணமா 1972. சுகுமாரிக்கு அப்போ 31 வயசு, மகளா நடிச்ச ஜெயலலிதாவுக்கு 24. ஏழு வயசு மூத்தவங்க அம்மா! ஆனா படத்துல யாருக்காவது சந்தேகம் வருதா? வராது. மேக்கப்புல நரைய போட்டுட்டா வயசு வந்துராது, அந்த அம்மா நிக்கிற நிலையிலயும் கழுத்தத் திருப்புறதுலயும் வயச கொண்டு வந்துருப்பாங்க.

குளச்சல்_நாடகக்காரன்

டீச்சர் சொன்ன கடைசி விஷயத்துல இருந்து நான் பிடிச்சுக்கிடுகேன், ஏன்னா இது என்னோட ஏரியா. நான் எங்க ஊரு கோயில் திருவிழாவுக்கு வருஷா வருஷம் நாடகம் போடுற ஆளு, மேடைல நிக்கிறவனுக்கு மேடைல நின்னவங்கள பாத்தா உடனே தெரியும். சுகுமாரி அம்மா சோ ராமசாமியோட விவேகா ஃபைன் ஆர்ட்ஸ் ட்ரூப்ல நடிச்சவங்க. முகமது பின் துக்ளக் நாடகமா 1968ல வந்துச்சு, 1971ல படமாவும் எடுத்தாங்க, ரெண்டுலயும் இவங்க உண்டு. சோ நாடகம்னா என்ன தெரியுமா, எழுதி வச்ச வசனத்தோட அன்னைக்குப் பேப்பர்ல வந்த அரசியல் செய்தியையும் சேத்து மேடைலயே அடிச்சு விடுவாரு, எதிர்ல நிக்கிறவன் முழிச்சா நாடகம் படுத்துரும். அந்த ஆளுக்கு எதிர்ல ராத்திரிக்கு ராத்திரி நின்னு பேசி, சிரிப்பு அடங்குற வரைக்கும் காத்திருந்து, சரியான நொடில அடுத்த வரிய போடணும். இந்த டைமிங் எந்த ஸ்கூல்லயும் சொல்லிக் குடுக்க மாட்டான் மக்கா, ஆடியன்ஸ் முன்னால பட்டுப் பட்டுத்தான் வரும்.

கேரக்டர் ஆர்ட்டிஸ்ட்னு சொல்றோம்லா, அவங்க வேலை என்னன்னு யாரும் யோசிக்கிறதில்ல. ஹீரோ நாலு பக்க வசனம் பேசுவான், கேமரா அவன் மேல இருக்கும், பின்னால நிக்கிற அம்மாவோ அத்தையோ அதைக் கேக்கணும். கேக்குற மாதிரி நடிக்கிறதுதான் இருக்கதுலயே கஷ்டம், பல பேரு தன் முறை எப்ப வரும்னு நிப்பான், முகத்துலயே தெரிஞ்சுரும். சுகுமாரி அம்மாவ பின்னால நிக்க வச்ச சீனா பாத்து ஓட விட்டு பாருங்க. கண்ணு எதிராளி மேலயே இருக்கும், ஒரு வார்த்தை குத்துச்சுன்னா அந்த இடத்துலயே இமை லேசா துடிக்கும், ஆனா ஹீரோ மேல இருக்க நம்ம பார்வைய தட்டிப் பறிக்க மாட்டாங்க. டான்ஸ் படிச்சவங்களுக்குக் கண்ணும் புருவமும் சொன்னபடி கேக்கும், சரிதான், ஆனா டான்ஸ்காரங்க பல பேரு சினிமால அதை ஓவரா போட்டு கெடுத்துருவாங்க, இவங்க அதை பாதிக்குப் பாதி கொறச்சு வச்சாங்க, அதுதான் கெட்டிக்காரத்தனம்.

எப்படி இத்தன படம்னு கேட்டீங்க. அதுக்கு ஒரு நடைமுறைக் காரணமும் உண்டு. அந்தக் காலத்துல மலையாளப் படமும் பெரும்பாலும் மெட்ராஸ் ஸ்டுடியோல, கோடம்பாக்கத்துலதான் எடுப்பாங்க, 80 வாக்குலதான் மெல்ல மெல்ல கேரளாவுக்குப் போச்சு. தமிழ், மலையாளம், தெலுங்குன்னு எல்லாம் பக்கத்துப் பக்கத்து ஃப்ளோர்ல நடக்கும். ரெண்டு பாஷையும் சுத்தமா பேசத் தெரிஞ்ச, சொன்ன நேரத்துக்கு வந்து நிக்கிற, ஒரு டேக்ல முடிச்சுக் குடுக்கிற ஒரு நடிகை மெட்ராஸ்லயே வீடு வச்சு இருந்தா எந்த புரொடக்ஷன் மேனேஜர் விடுவான்? ஹீரோயினுக்கு ஒரு படத்துக்கு மாசக்கணக்கா கால்ஷீட் வேணும், கேரக்டர் ஆர்ட்டிஸ்டுக்கு சில நாள் போதும். அப்ப வருஷத்துக்கு எத்தன படம் வரும்னு நீங்களே யோசிங்க. ஹீரோயினா ஆகாம போனது அவங்களுக்கு நஷ்டம்னு எனக்குத் தோணவே இல்ல. அவங்க கூட ஹீரோயினா வந்தவங்க முக்கால்வாசி பேரு பத்துப் பதினஞ்சு வருஷத்துல வீட்டுக்குப் போயாச்சு.

களியக்காவிளை_பார்டர்

தமிழ்ப் படத்த பத்தி மட்டும் பேசுனா சுகுமாரி சேச்சியோட பாதிதான் தெரியும் கேட்டியளா. நாங்க பார்டர்காரங்க, எங்களுக்கு அவங்க வீட்டு ஆளு மாதிரி. 80கள்ல எங்க பக்கம் ஓட்டு மேல ஆன்டெனாவ திருவனந்தபுரம் பக்கமாத்தான் திருப்பி வைப்பாங்க, மெட்ராஸ் தூர்தர்ஷன் எல்லாம் எங்களுக்கு எட்டாது. ஞாயித்துக்கிழமை மலையாளப் படம் போட்டா டிவி உள்ள வீட்டுல தெருவே வந்து உக்காந்துரும், தமிழ் மட்டும் தெரிஞ்ச பாட்டிமாரும் வருவாங்க, அதுல சுகுமாரி சேச்சி இல்லாத ஞாயிறே இல்லன்னு தோணும். மார்த்தாண்டம் தியேட்டர்லயும் மலையாளப் படம் அப்பவே நல்லா ஓடும்லா.

பிரியதர்ஷன் படங்கள்ல அவங்க காமெடி வேற லெவல். போயிங் போயிங் 1985ல வந்துச்சு, டிக் அம்மாயின்னு ஒரு சமையக்காரி வேஷம். மோகன்லாலும் முகேஷும் ஆளுக்கொரு பொய்ய சொல்லிக்கிட்டு ஓடிக்கிட்டு இருப்பாங்க, அம்மாயி மட்டும் கடுகடுன்னு முகத்த வச்சுக்கிட்டு வருவாங்க. ஒரு தடவ கூட சிரிக்க வைக்கணும்னு முயற்சி பண்ண மாட்டாங்க, கோவம் அவ்வளவு நெசமா இருக்கும், அதனாலயே நமக்கு வயிறு வலிக்கும்.

1989ஐ எடுத்துக்கிடுங்க. அந்த ஒரே வருஷத்துல ரெண்டு மேகி. பிரியதர்ஷனோட வந்தனத்துல ஒரு மேகி, அது கலகலப்பு. லோகிததாஸ் எழுதி சிபி மலயில் எடுத்த தசரதத்துல இன்னொரு மேகி. தசரதம் வாடகைத்தாய் கதை, அந்தக் காலத்துல அதை எடுத்ததே பெரிய தைரியம். அம்மா பாசம் கிடைக்காம வளந்த பணக்காரன் மோகன்லால், கடைசில பிள்ளையும் கைல தங்காம, மேகிகிட்ட வந்து என்ன மகனா நெனச்சு கொஞ்சம் பாசம் காட்ட முடியுமான்னு கேப்பான். அந்த சீன்ல எல்லாரும் மோகன்லால பத்திதான் பேசுவாங்க, கை நடுங்குறதையும் கண்ணையும். சரி, அவரு பெரிய நடிகர்தான். ஆனா அந்தக் கேள்விய வாங்கிக்கிட்டு எதிர்ல நிக்கிறது யாரு? நாடகக்கார அண்ணன் மேல சொன்னாரே கேக்குறதுதான் கஷ்டம்னு, அதுக்கு இதவிட நல்ல உதாரணம் எனக்குத் தெரியல. அந்த முகம் சரியா இல்லன்னா அந்த சீனே விழுந்துரும்.

கவியூர் பொன்னம்மா சேச்சியும் பெரிய நடிகைதான், அதுல பேச்சே கிடையாது. ஆனா அவங்க வந்தா நல்ல அம்மான்னு முதல் சீன்லயே நமக்குத் தெரிஞ்சுரும். சுகுமாரி சேச்சி வந்தா யாரா வருவாங்கன்னு சொல்ல முடியாது. தறவாட்டுப் பெரியம்மையா, சட்டக்காரி (ஆங்கிலோ இந்தியன்) ஆன்ட்டியா, பணத்திமிர் பிடிச்சவளா, சமையக்காரியா, அக்ரஹாரத்துப் பாட்டியா எதுவும் ஆகலாம். 2008ல மிழிகள் சாட்சின்னு ஒரு படம், அதுல தீவிரவாதின்னு தூக்குல போட்ட ஒருத்தனோட தாயா வருவாங்க, முஸ்லிம் பொம்பள. கோயில் நடைல அலைஞ்சுக்கிட்டு இருப்பாங்க, ரொம்பப் பேச்சு கூட கிடையாது. 68 வயசு நெருங்குற நேரத்துல முழுப் படத்தையும் தோள்ல சுமந்தாங்க. அதைப் பாத்துட்டுத்தான் எனக்கு ஆத்திரமா வந்துச்சு, இப்படி ஒரு வேஷத்த முப்பது வருஷம் முன்னால யாராவது குடுத்திருந்தா என்னன்னு.

வடசேரி_வாசகன்

நெறய புது விஷயம், எல்லாருக்கும் நன்றி. ஒரு சந்தேகம். அப்போ அவங்கள தமிழ் நடிகைன்னு சொல்றதா மலையாள நடிகைன்னு சொல்றதா? ஃபேஸ்புக்ல ஒரு க்ரூப்ல நாகர்கோவில்காரின்னு போட்டேன், ரெண்டு பக்கமும் சண்டைக்கு வந்துட்டாங்க.

தோவாளை_பெரியவர்

எதுக்குச் சண்டை போடணும். 1956 நவம்பர் 1 வரைக்கும் தோவாளை, அகஸ்தீஸ்வரம், கல்குளம், விளவங்கோடு நாலு தாலுகாவும் திருவிதாங்கூர்-கொச்சில இருந்துச்சு. அன்னைக்குத்தான் நம்ம மாவட்டம் மெட்ராஸ் ராஜ்ஜியத்தோட சேந்துச்சு, அதுக்காக நேசமணி ஐயா பட்ட பாடு உங்களுக்குச் சொல்ல வேண்டியதில்ல. சுகுமாரிக்கு அப்போ 16 வயசு, ஏற்கனவே சினிமாக்குப் போயாச்சு. வீட்டுல மலையாளம், தெருவுல தமிழ், பள்ளிக்கூடத்துல ரெண்டும்னு வளந்த தலைமுறை எங்க ஊருல ஏராளம், எங்க வகுப்புலயும் அப்படித்தான். அவங்கள ஒரு பக்கமா இழுக்கதுல எனக்கு உடன்பாடே கிடையாது. தமிழ் வசனத்துலயும் மலையாள வசனத்துலயும் உச்சரிப்பு பிசகாம பேச வந்துச்சுன்னா அதுல நம்ம மண்ணுக்கும் பங்கு உண்டு, இதை அழுத்திச் சொல்லுவேன்.

அடூர் கோபாலகிருஷ்ணனோட நிழல்குத்து பாத்துருக்கியளா? 2002. சுதந்திரத்துக்கு முந்தின திருவிதாங்கூர்ல தூக்குப் போடுற ஆராச்சாரோட கதை. ஒடுவில் உண்ணிகிருஷ்ணன் காளியப்பனா வருவாரு, அவருக்குப் பொண்டாட்டியா மரகதம், அதுதான் சுகுமாரி. பேரப் பாத்தாலே தெரியும் எந்தப் பக்கத்துக் குடும்பம்னு. நிரபராதிய தூக்குல போட்டுட்டோமோன்னு உள்ளுக்குள்ள நொறுங்கிக்கிட்டு இருக்க ஒருத்தன் கூட குடும்பம் நடத்துறவ என்ன செய்வா? ஒப்பாரி வைக்கல, உபதேசம் பண்ணல. சோறு போடுவா, பக்கத்துல இருப்பா. கமர்ஷியல் படத்துல கத்திக் கத்திப் பேசுன அதே பொம்பள எவ்வளவு அடங்கி நடிக்க முடியும்னு காட்டுன படம். என் கணக்குல அவங்க செஞ்சதுலயே இது முதல் வரிசைல இருக்கு, இன்னைக்குள்ள பிள்ளைங்க யாரும் பாக்கல.

நாஞ்சில்_டூ_சென்னை

கடைசிக் காலத்த யாரும் தொடல, நான் சேத்துக்கிடுகேன். 2003ல பத்மஸ்ரீ குடுத்தாங்க, கேரள அரசு விருது அதுக்கு முன்னாலயே பல தடவ வாங்கியாச்சு. ஆனா தேசிய விருது வந்தது எப்போன்னு பாருங்க, 2010ம் வருஷப் படத்துக்கு, நம்ம கிராமம். எழுபது வயசுல சிறந்த துணை நடிகை. அதுவும் ஒரு தமிழ்ப் படத்துக்கு! மோகன் சர்மா டைரக்ஷன், பாலக்காட்டு அக்ரஹாரம், சின்ன வயசுலயே விதவையாகிப் போன ஒரு பொண்ணு, அவளுக்கு ஆதரவா ஒரு பாட்டி. ஆயுசு முழுக்க விதவைக்கோலத்துல இருந்தவங்களுக்குத்தான் அந்தக் கொடுமை என்னன்னு தெரியும், அந்தப் பொண்ணுக்காக அவங்க வாய திறக்கும்போது அவ்வளவு வருஷத்து மௌனமும் சேந்து பேசும். அதே வருஷம் சிறந்த நடிகை விருத இன்னொருத்தரோட சேந்து வாங்குனது சரண்யா பொன்வண்ணன், தென்மேற்குப் பருவக்காற்று படத்துக்கு. ரெண்டும் தமிழ்ப் படம், ரெண்டும் மூத்த பொம்பள வேஷம். அந்த வருஷம் விருதுப் பட்டியல பாத்து நான் சந்தோஷப்பட்ட மாதிரி வேற எந்த வருஷமும் பட்டதில்ல.

2013 பிப்ரவரி கடைசில சென்னை வீட்டுல பூஜை ரூம்ல விளக்கேத்தும்போது சேலைல தீ பிடிச்சுருச்சு. ஆஸ்பத்திரில இருக்கும்போது முதலமைச்சரா இருந்த ஜெயலலிதா நேர்ல போயி பாத்தாங்க, படத்துல மகளா நடிச்சவங்க. மார்ச் 26ல மாரடைப்புல காலமாயிட்டாங்க. அன்னைக்கு மலையாள சேனல்கள் முழு நாளும் அவங்க படத்தையே போட்டான். தமிழ் சேனல்ல செய்தில சில நிமிஷம் வந்துச்சு, அவ்வளவுதான். எனக்கு இன்னைக்கும் அது மனசுல கெடக்கு. நம்மகூட 50 வருஷத்துக்கு மேல நடிச்சவங்க, தேசிய விருதையும் தமிழுக்கு வாங்கித் தந்தவங்க, அவங்களுக்கு நாம இன்னும் நல்லா மரியாதை செஞ்சிருக்கணும்.

ஆரல்வாய்மொழி_காத்து

நான் காலேஜ் படிக்கேன், எங்க செட்டுக்கு அவங்க யாரடி நீ மோகினில வர்ற பாட்டி மட்டும்தான். அதுல பெரிய வேலை ஒண்ணும் குடுக்கல, ஆனா அவ்வளவு கூட்டத்துலயும் கண்ணு அவங்க மேல போகும். இங்க எழுதுனத எல்லாம் படிச்ச பிறகு ஒரு யோசனை. எங்க காலேஜ்ல ஃபிலிம் க்ளப் ஒண்ணு ஆரம்பிச்சிருக்கோம், அக்டோபர் 6 அவங்க பிறந்தநாளுக்கு ஒரு படம் போடலாமா? ஒரே ஒரு படம்தான் போட முடியும், எதைப் போடட்டும்? பசங்க பொறுமை கொஞ்சம் கம்மி, அதையும் பாத்துச் சொல்லுங்க அண்ணாச்சிமாரே.

குளச்சல்_நாடகக்காரன்

நல்ல காரியம் தங்கச்சி, கண்டிப்பா செய்யுங்க. நிழல்குத்து மெதுவா போகும், முதல் தடவ பாக்குற பசங்களுக்கு வேண்டாம். போயிங் போயிங் போட்டா சிரிச்சுட்டுக் கலைஞ்சு போயிருவாங்க, அவங்களோட முழு அளவு தெரியாது. என் ஓட்டு தசரதத்துக்குத்தான், மலையாளம் நம்ம மாவட்டத்துல பல பேருக்குக் கஷ்டம் இல்ல, ஆரல்வாய்மொழிப் பக்கத்துப் பிள்ளைங்களுக்கு வேணும்னா சப்டைட்டில் போட்டுக்கிடுங்க. படத்துக்கு முன்னால பட்டிக்காடா பட்டணமால இருந்து அஞ்சு நிமிஷம் மட்டும் ஓட்டிக் காட்டுங்க, ஒரே ஆளுன்னு சொல்லாம காட்டுங்க. எத்தன பேரு கண்டுபிடிக்காங்கன்னு பாத்துட்டு இங்க வந்து எழுதுங்க.

தக்கலை_டீச்சர்

நானும் தசரதம்தான் சொல்லுவேன். புரொஜக்டர் இல்லன்னா எங்க ஸ்கூல்ல ஒண்ணு இருக்கு, ஹெச்எம்கிட்ட கேட்டுத் தரேன். தேதி முடிவானதும் போடும்மா, எங்க பிளஸ் டூ பிள்ளைங்களையும் கூட்டிட்டு வரேன்.